காற்றாடிமலைக்கு அம்மாகூட ஒரு நாள்

போன மாசம் அம்மாவ கூட்டிட்டு புனித தேவசகாயம் இடங்களுக்கெல்லாம் போய்ட்டு வந்தேன். உண்மைய சொன்னா எனக்கு போக மனசே இல்ல. அம்மா இருபது வருசம் அண்டியாபீஸ்ல, அதாவது முந்திரி ஆலையில, பருப்பு உரிச்சவங்க, கடைசில எடை எழுதுற வேலை குடுத்தாங்க, ஒவ்வொருத்தி எடையிலயும் நூறு கிராம் கொறச்சு எழுதுன்னு சொன்னதும் மாட்டேன்னுட்டாங்க, மறுவாரமே பருப்பு திருடினான்னு பழி போட்டு வெளிய அனுப்பிட்டாங்க. வீட்ல வட்டிக்கடன் நிக்குது, இவங்க செபமாலையும் கையுமா இருக்காங்க, எனக்கு கோவம் அம்மா மேலயா ஆண்டவர் மேலயான்னே தெரியல.

மொதல்ல புலியூர்க்குறிச்சி, முட்டிடிச்சான் பாறை. திருவிதாங்கூர் ராஜா மார்த்தாண்ட வர்மா அரண்மனையில அதிகாரியா இருந்த நீலகண்ட பிள்ளை, நஷ்டத்துல மனசு ஒடஞ்சு இருந்தப்போ ராஜாவோட படையில இருந்த டிலனாய் தளபதி, எல்லாத்தையும் இழந்தும் நம்பிக்கைய விடாத பைபிள் யோபு கதைய சொல்ல, 1745ல வடக்கன்குளத்துல ஞானஸ்நானம் வாங்கி தேவசகாயம் ஆனார். அப்புறம் பொய்க் குற்றம், விலங்கு, எருமை மேல திருப்பி உக்கார வச்சு ஊர்வலம், அடிச்ச காயத்துல மிளகாப்பொடி. தாகத்துல தவிச்சு முட்டியால பாறைய இடிச்சப்போ தண்ணி வந்துச்சுங்கிறது இங்க உள்ளவங்க நம்பிக்கை.

நான் சும்மா இருக்காம, "தண்ணி குடுத்த ஆண்டவர் விலங்க கழட்டி விட்டிருக்கலாம்லாம்மா?"ன்னு கேட்டுட்டேன்.

அம்மா அந்த தண்ணிய பாட்டில்ல புடிச்சுக்கிட்டே, "அன்னைக்கு அவருக்கு தாகம்லா மக்கா"ன்னாங்க. அவ்ளோதான்.

கோட்டாறு சவேரியார் கோயில்ல அவர் கல்லறையில மெழுகுதிரி ஏத்திட்டு நேரா ஆரல்வாய்மொழி பஸ். 1752 ஜனவரி 14ல அவர சுட்டுக் கொன்ன காற்றாடிமலை அங்கதான். 2022 மே 15ல போப் பிரான்சிஸ் புனிதர் பட்டம் குடுத்தாரு, அதுக்கு முன்னாடியே பேர்ல இருந்த 'பிள்ளை'ங்கிற சாதிப்பேர வத்திக்கான் எடுத்துட்டாங்க, ரொம்ப சரி, எல்லா சாதிக்காரங்களோடயும் சேர்ந்து உக்காந்த மனுசனுக்கு அது எதுக்கு.

மலையில காத்து ஆளத் தள்ளுது. தட்டினா மணி மாதிரி சத்தம் வர்ற பாறைய அம்மா ஒரு சின்னக் கல்லால மூணு தடவ தட்டிட்டு, முழங்கால் வலியோட முட்டி போட்டு ரொம்ப நேரம் செபிச்சாங்க. எறங்கறப்போ, "வேலை திரும்ப கெடைக்கணும்னு கேட்டியா?"ன்னேன்.

"இல்ல மக்கா, எனக்கு பதிலா இப்ப எடை எழுதுற பிள்ளைக்கு கேட்டேன். அவளுக்கும் கடன் இருக்கு."