டெல்லி கணேஷ்: கேட்கிற முகம்

நவம்பர் 10, 2024

நேற்றிரவு டெல்லி கணேஷ் காலமானார். வயது 80. ஊர் வல்லநாடு. 1964லிருந்து பத்து வருஷம் விமானப்படை. டெல்லியில் தட்சிண பாரத நாடக சபா, சென்னையில் காத்தாடி ராமமூர்த்தி குழு, பிறகு கே. பாலசந்தரின் 'பட்டினப் பிரவேசம்'. அங்கிருந்து நானூறு படங்களுக்கு மேல். நகைச்சுவை நடிகர் என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடலாம்தான். ஆனால் அவருடைய பலம், எதிராளி பேசும்போது கேட்பதில் இருந்தது.

நவம்பர் 12

'மைக்கேல் மதன காமராஜன்' (1990), சாம்பாரில் மீன். கிரேஸி மோகன் வசனத்துக்கு நாம் சிரிக்கிறோம். மணி ஐயராக வரும் கணேஷ் பதறுகிறார். அவர் ஒரு துளி சிரித்திருந்தால் காட்சி படுத்துவிடும்.

கேட்பதிலும் கணக்கு உண்டு. ஒருவர் தோளுக்கு மேலாக மற்றவர் முகத்தை எடுக்கிற சஜஷன் ஷாட்டில் முன்னால் தெரிவது இவர் தோள் மட்டுமென்றால் தோள் அசையக்கூடாது. இவர் முகமென்றால், எதிராளியின் இரண்டு கண்ணையும் மாறி மாறிப் பார்க்காமல், லென்ஸுக்குப் பக்கத்திலிருக்கும் கண்ணை மட்டும் பார்க்க வேண்டும். இல்லாவிட்டால் பெரிய திரையில் கருவிழி ஊசலாடும்.

அடுத்தது கன்டினியூட்டி. முழுக் காட்சியையும் அகலமாக எடுக்கிற மாஸ்டர் ஷாட்டில் எந்தச் சொல்லில், எந்தக் கையால் டம்ளரை எடுத்தாரோ, க்ளோசப்பிலும் அதே சொல், அதே கை. இடையில் சாப்பாட்டு பிரேக்கே வந்துபோயிருக்கும். மாஸ்டரில் உற்சாகமாகத் துண்டை உதறி, மூக்கைச் சொறிந்து, பிறகு மறந்துவிடுகிற ஆள்தான் மாட்டுவார். ஷாட் ஒட்டாது, எடிட்டர் ஹீரோ முகத்துக்குத் தாவிவிடுவார். நல்ல ரியாக்‌ஷன்கள் பல இப்படித்தான் குப்பைக்குப் போகின்றன.

நவம்பர் 13

'சிந்து பைரவி' (1985), மிருதங்கக்காரர் வேடம். இந்த மாதிரி வேடத்தில் சத்தம் ஒலிப்பதிவிலிருந்து வரும், கை மட்டும் நடிகருடையது. மிருதங்கத்தின் இடப் பக்கமான தொப்பியின் 'தொம்' கேட்கும்போது இடது கை சும்மா இருந்தால் சபா ரசிகர் கண்டுபிடித்துவிடுவார்.

நவம்பர் 17

சீரியல் பக்கம் வந்தால் கேட்பது இன்னும் கஷ்டம். பலர் சேர்ந்து வருகிற காம்பினேஷன் காட்சிக்கு எல்லாருடைய டேட்டும் ஒத்துவராது. எதிரே இருக்க வேண்டிய மருமகள் வேறு செட்டில் இருப்பார். கேமராவுக்குப் பக்கத்தில் உதவி இயக்குநர் முஷ்டியைத் தூக்கிக் காட்டுவார். அதைப் பார்த்துக் கண்கலங்க வேண்டும். முஷ்டி மருமகளின் கண் உயரத்தில் இல்லையென்றால், எபிசோடில் மாமனார் அவள் நெற்றியைப் பார்த்து அழுவார்.

இதோடு ப்ராம்ப்டிங். ஒருவர் வரி வரியாகச் சொல்ல, நடிகர் திருப்பிச் சொல்வார்; சொல்லிக்கொடுப்பவர் குரல் டப்பிங்கில் போய்விடும். ஆனால் அடுத்த துண்டுக்குக் காது கொடுக்கிற முகம் போகாது: விழி ஓரத்துக்கு நகரும், வாய் பாதி திறந்து நிற்கும். முழு வாக்கியத்தையும் கேட்டுவிட்டு, அதன் முடிவை மனசில் வைத்துக்கொண்டு ஆரம்பிப்பதுதான் வழி. படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவு செய்கிற லைவ் சவுண்டில் அதற்கும் இடமில்லை. ப்ராம்ப்டர் குரல் மேலே விழும், மனப்பாடம் மட்டுமே. நாடகத்திலிருந்து வந்தவர்களுக்கு இங்கே சிரமம் குறைவு.