பின்னால் மாஸ்கோ

நவம்பர் 12
மும்பையில் இந்தி டப்பிங் வசனப் பயிற்சி. இன்று எனக்கு வந்திருப்பது ரஷ்யப் போர்ப்படம்: 2016இல் வெளியான ‘பன்ஃபிலோவின் 28 பேர்’. 1941 நவம்பர் 16 அன்று, மாஸ்கோவுக்கு மேற்கே துபோசெகோவோவில் ஜெர்மன் டாங்கிகளை மறித்து நின்றவர்களின் கதை. படம் எடுக்க 30,000க்கும் மேற்பட்ட பொதுமக்கள் பணம் போட்டிருக்கிறார்கள். அலட்சியமாக எழுதக் கூடாது.

நவம்பர் 13
படத்தைத் தொடுவதற்கு முன் ஆசிரியர் ஒரு வாசகத்தைக் கொடுத்தார். ஒரு ரஷ்யர் சொல்லிப் பதிவான காட்சி, முகம் மட்டும். ‘ரஷ்யா பரந்தது, ஆனால் பின்வாங்க இடமில்லை. பின்னால் மாஸ்கோ.’ அரசியல் அதிகாரி க்ளோச்கோவ் போர்க்களத்தில் சொன்னதாக ரஷ்யாவில் எல்லோருக்கும் தெரிந்த வாசகம்.

கடைசிச் சொல் ‘மஸ்க்வா’, மாஸ்கோவின் ரஷ்யப் பெயர். ‘ம’வுக்கு உதடு மூடுவது பளிச்சென்று தெரிகிறது. அந்த இடத்தில் நம் சொல்லிலும் உதடு மூட வேண்டும். மற்றதைப் பார்ப்பவர் கண் மன்னித்துவிடும். ‘பீச்சே மாஸ்கோ ஹை’ (பின்னால் மாஸ்கோ இருக்கிறது) என்று எழுதினேன். அவர் வாய் நின்ற பிறகும் ‘ஹை’ தொங்கியது. வெட்டினேன். ரஷ்ய வாக்கியத்திலும் அங்கே வினைச்சொல் இல்லை. ‘பீச்சே மாஸ்கோ.’ வெட்டிய பிறகுதான் வாக்கியத்துக்குக் கனம் வந்தது. இரவு வெகுநேரம் முணுமுணுத்துக்கொண்டே இருந்தேன்.

நவம்பர் 14
‘ரோதினா’ என்றால் தாய்நாடு. ‘மாத்ருபூமி’ மேடைப்பேச்சு போல ஒலிக்கிறது. ‘வதன்’ என்று வைத்தேன். சிப்பாய் வாயில் அதுதான் பொருந்துகிறது. ரஷ்யச் சிப்பாய்களின் ‘உரா’ முழக்கத்துக்குப் பதில் ‘ஜெய் ஹிந்த்’ போடலாம் என்றார் உடன் பயிலும் நண்பர். கோபமே வந்துவிட்டது. அந்தப் பனியில் செத்தவர்கள் வேறு நாட்டுக்காகச் செத்தவர்கள். அவர்களின் படைப்பிரிவு, 316ஆவது, கசாக்ஸ்தானின் அல்மா-அதாவில் திரட்டப்பட்டது. கசாக்குகளும் கிர்கிஸ்களும் ரஷ்யர்களும் கலந்து நின்றார்கள். ‘உரா’ அப்படியே இருக்கட்டும்.

நவம்பர் 16
துபோசெகோவோ சண்டை நடந்த நாள். அதைப் பற்றித் தேடிப் படித்தேன். 1948இலேயே சோவியத் ராணுவ வழக்குரைஞர் அலுவலகம் விசாரித்து, 28 பேர் கதை பத்திரிகையாளர்களின் புனைவு என்று எழுதியிருக்கிறது. இறந்ததாகச் சொல்லப்பட்டவர்களில் சிலர் உயிரோடு இருந்தார்கள். க்ளோச்கோவின் வாசகத்தை இட்டுக்கட்டியது தானே என்று ‘கிராஸ்னயா ஸ்வெஸ்தா’ நாளிதழின் க்ரிவித்ஸ்கி அந்த விசாரணையில் ஒப்புக்கொண்டார். 2015இல் ரஷ்ய அரசு ஆவணக்காப்பகம் அந்த அறிக்கையை வெளியிட்டது.

மனம் கனத்துப்போயிற்று. ஆனால் அந்தப் படைப்பிரிவு மாஸ்கோ வழியில் போரிட்டது உண்மை. தளபதி பன்ஃபிலோவ் 18ஆம் தேதி குண்டுவீச்சில் இறந்ததும் உண்மை.

நவம்பர் 17
படத்தின் தொடக்கத்தில் ‘இது உண்மைக் கதை’ என்று இந்தியில் ஓர் அட்டை சேர்க்கச் சொன்னார்கள். இங்குள்ள ரசிகர்களுக்கு அது பிடிக்குமாம். மறுத்தேன். நாம் கூடுதலாக எழுதும் வரி நம் பொய்யாகிவிடும். இடமும் தேதியும் மட்டும் போடலாம் என்றேன். நெடுநேரம் வாதாடிய பிறகு ஒப்புக்கொண்டார்கள்.

நவம்பர் 18
ஒலிக்கூடத்தில் பதிவு. குரல் கொடுப்பவர் இரண்டு முறை கர்ஜித்தார். பக்கத்துக் குழியில் இருப்பவனுக்கு மட்டும் கேட்டால் போதும் என்றேன். மூன்றாம் முறை மைக்கை நெருங்கி, மூச்சோடு சொன்னார்: ‘பீச்சே மாஸ்கோ.’ உதடு சரியாக மூடியது.