மூலமே இல்லை என்றாள் மகள்

மகள் உயர்நிலை மூன்றில் ஏ மேத்ஸ் (கூடுதல் கணிதம்) எடுத்ததும் நானும் அவளோடு உட்கார்ந்தேன். துணைப்பாடத்துக்கு அனுப்பலாம் என்றார் கணவர். ஒரு மாதம் நானே பார்க்கிறேன் என்றேன். நான் ஊரில் தமிழ்வழியில் படித்தவள். அவள் டிஸ்கிரிமினன்ட் என்றபோது புரியவில்லை. ஏஎக்ஸ்² + பிஎக்ஸ் + சி = 0 என்ற சமன்பாட்டுக்கு பி² − 4ஏசி என்று எழுதிக் காட்டினாள். அட, நம்ம தன்மைகாட்டி! மூலங்களின், அதாவது சமன்பாட்டை நிறைவுசெய்யும் எக்ஸ் மதிப்புகளின், தன்மையைக் காட்டுவதால் அந்தப் பெயர் என்றதும் அவள் முகம் தெளிந்தது.

தன்மைகாட்டி பூஜ்யத்தைவிடப் பெரிது என்றால் இரண்டு வெவ்வேறு மெய் மூலங்கள், பூஜ்யம் என்றால் இரண்டும் சமம், சிறிது என்றால் மெய் மூலம் இல்லை. இதை ஐந்து நிமிடத்தில் ஒப்பித்துவிட்டாள். சிக்கல் குறிகளில்தான்.

2எக்ஸ்² − 3எக்ஸ் − 5 = 0. அவள் போட்டது 9 − 40 = −31. "மூலமே இல்லைம்மா." சரி, எக்ஸுக்கு −1 போட்டுப் பார் என்றேன். 2 + 3 − 5, பூஜ்யம். இல்லாத மூலம் எங்கிருந்து வந்தது? பென்சிலைக் கடித்தபடி வெகுநேரம் தாளையே பார்த்தாள். அப்புறம் அவளே கண்டுபிடித்தாள்: சி என்பது 5 அல்ல, −5. அதனால் 9 + 40 = 49; மூலங்கள் 5/2, −1. அன்றிலிருந்து ஏ, பி, சி மூன்றையும் குறியோடு ஓரத்தில் எழுதிவிட்டுத்தான் கணக்கைத் தொடுகிறாள்.

அடுத்து, கோடும் வளைவும். ஒய் = எம்எக்ஸ் − 4 என்ற கோடு ஒய் = எக்ஸ்² வளைவை இரண்டு இடங்களில் வெட்ட வேண்டும்; எம் என்னவாக இருக்கலாம்? இரண்டையும் சமப்படுத்தினால் எக்ஸ்² − எம்எக்ஸ் + 4 = 0. இரண்டு இடம் என்றால் இரண்டு மூலம்; ஆக தன்மைகாட்டி எம்² − 16 > 0. இதுவரை சரி. கடைசி வரியில் எம் > ±4 என்று எழுதி மதிப்பெண்ணை விட்டிருந்தாள்.

வீட்டில் தம்பியின் சத்தம். எங்கள் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே கல்மேசைக்குப் போனோம். எம்² − 16 என்பதைக் கிண்ணம் மாதிரி வரையச் சொன்னேன். −4, 4 என இரண்டு இடங்களில் அச்சை வெட்டுகிறது. அச்சுக்கு மேலே இருப்பது எந்தப் பகுதி? விரலை இடப்பக்கம் வைத்தாள், பிறகு வலப்பக்கம். எம் < −4 அல்லது எம் > 4. படம் போடாமல் இந்த வகைக் கணக்கைச் சொல்லித் தரவே கூடாது என்பது என் எண்ணம்.

"அப்போ எம் சரியா 4 ஆ இருந்தா?" கேட்டுவிட்டு அவளே கோட்டை வரைந்தாள். வளைவை (2, 4) என்ற ஒரே புள்ளியில் தொட்டது. நான் கேட்காமலே −4க்கும் ஒன்று வரைந்தாள்.