மேட்ச் நாள் சனிக்கிழமைகள்

2003 கார்த்திகையில் லண்டன் வந்து சேர்ந்தபோது அப்டன் பார்க்கில், கிரீன் ஸ்ட்ரீட்டில், ஒரு தமிழ்க்கடைக்கு மேலே எனக்கு அறை கிடைத்தது. ஒரு சனிக்கிழமை மதியம் கடை அண்ணா வாசலில் அடுக்கியிருந்த முருங்கைக்காய்ப் பெட்டிகளை அவசரமாக உள்ளே இழுத்துக்கொண்டிருந்தார். "இண்டைக்கு மேட்ச் தம்பி. மூண்டு மணி மட்டும் ரோட்டைக் கடக்க ஏலாது."

மேலே போய் ஜன்னலைத் திறந்தேன். குதிரைப் பொலிஸ், வெங்காயம் பொரிகிற வாசம், கருஞ்சிவப்பும் வெளிர்நீலமுமாய்க் கழுத்துச் சால்வைகள். இவ்வளவு சனம் ஒரே திசையில் நடப்பதை நல்லூர்த் தேரன்றுதான் பார்த்திருக்கிறேன். யாரையும் தெரியாத ஊரில் அன்றுதான் எனக்குத் தனிமை விட்டது.

எங்கள் தெருவிலேயே மைதானம் வைத்திருந்த வெஸ்ட் ஹாம் உதைபந்தாட்டக் கழகத்தின் கதையைப் பக்கத்து வீட்டு முதியவர்தான் சொன்னார். தேம்ஸ் கரைக் கப்பல் கட்டும் தளத்துத் தொழிலாளிகள் 1895இல் தொடங்கியது. சின்னத்தில் இருக்கும் இரண்டு சுத்தியல்களும் அவர்களுடையவை. 1904இல் இங்கே வந்து முதல் ஆட்டத்தில் மில்வால் கழகத்தை 3-0 என்று வென்றார்கள். பக்கத்தில் நின்ற பழைய மாளிகையில் ஆன் பொலின் அரசி தங்கினாள் என்று ஒரு ஊர்க்கதை. அதனால் மைதானத்துக்குப் பொலின் என்று பெயர். 1966 உலகக் கிண்ண இறுதியாட்டத்தில் இங்கிலாந்து அணித் தலைவர் பொபி மூர் இந்தக் கழகத்துப் பிள்ளை. அன்று இங்கிலாந்து போட்ட நான்கு கோலும் இந்தக் கழகத்து ஹேர்ஸ்ட்டும் பீட்டர்ஸும் போட்டவை. பார்க்கிங் ரோட்டுச் சந்தியில் மூர் கிண்ணத்தோடு சிலையாக இருக்கிறார்.

ஆனால் என் மனதில் நின்றது வேறொன்று. 1944 ஆகஸ்டில் ஜேர்மனியரின் பறக்கும் குண்டு ஒன்று மைதானத்தின் தென்மேற்கு மூலையில் விழுந்தது. கழகம் சில மாதம் வெளியூர்களில் போய் விளையாடியது. "அப்பா கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். அப்போது எனக்கு ஒன்பது வயது" என்றார் முதியவர். எங்கள் ஊர்ப் பள்ளிக்கூட மைதானத்திலும் கோல் கம்பத்துக்குப் பின்னால் ஒரு ஷெல் குழி இருந்தது. பந்து அதற்குள் விழுந்தால் இறங்கி எடுப்பது நான்தான். அதைச் சொன்னேன். அவர் என் தோளில் கை வைத்தார். வேறொன்றும் பேசவில்லை.

இந்த மைதானத்தில் 35,000 பேர்தான் இருக்க முடிந்தது. கூடுதல் இருக்கைகளுக்காகக் கழகம் ஸ்ட்ராட்ஃபோர்டில் இருக்கும் ஒலிம்பிக் அரங்குக்குப் போனது. கடைசி ஆட்டம் 2016 மே 10, மன்செஸ்டர் யுனைட்டட்டோடு. தெருக் குழப்பத்தில் முக்கால் மணி நேரம் பிந்தித் தொடங்கி, 3-2 என்று வென்றார்கள். வின்ஸ்டன் ரீட் தலையால் முட்டிய கடைசி கோலுக்கு எழுந்த இரைச்சலில் எங்கள் ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது.

பிறகு மைதானத்தை இடித்து அடுக்குமாடி கட்டிவிட்டார்கள். சனிக்கிழமைகளில் அண்ணாவின் முருங்கைக்காய்ப் பெட்டிகள் இப்போது இருட்டும்வரை வாசலிலேயே இருக்கின்றன.