மழைக்குப் பிறக்கும் மீன்கள்

கில்லி எனப்படும் சிறு மீன் வகைகளில் என்னை அதிகம் வியக்க வைப்பது நோத்தோபிராங்கியஸ் ஃபர்சேரி. ஜிம்பாப்வேயின் கோனரேஷோ தேசியப் பூங்காவில் 1968இல் சேகரிக்கப்பட்ட இந்த மீன், தெற்கு மொசாம்பிக்கின் மழைக்குட்டைகளிலும் வாழ்கிறது. மழை பெய்து குட்டை நிரம்பியதும் பொரிந்து வெளிவரும் குஞ்சுகள், சுமார் இரண்டே வாரங்களில் இனப்பெருக்கத்துக்குத் தயாராகிவிடுகின்றன. நீர் வற்றும்போது பெரிய மீன்கள் அனைத்தும் மடிந்துபோக, நம் கரிசலைப் போன்ற களிமண்ணுக்குள் முட்டைகள் மட்டும் எஞ்சுகின்றன.

அந்த முட்டைக்குள் கரு தன் வளர்ச்சியை மூன்று வெவ்வேறு கட்டங்களில் நிறுத்தி வைத்துக்கொள்ள வல்லது. எல்லா முட்டைகளும் ஒரே வேகத்தில் வளர்வதில்லை என்பதால், முதல் மழையை நம்பிப் பொரிந்தவை குட்டை விரைவில் காய்ந்து அழிந்தாலும், அடுத்த மழைக்கென்று சில மண்ணில் காத்திருக்கும்.

வீட்டுத் தொட்டியிலும் இதே சுழற்சியைத்தான் நாம் நடத்திக்காட்ட வேண்டும். முட்டையிட பீட் மாஸ் (மட்கிய பாசித்தூள்) வைக்கலாம். நன்றாகக் கொதிக்கவைத்து அலசிய தென்னை நார்த்தூளும் போதும் என்பது என் கருத்து. முட்டைகள் விழுந்த தூளைப் பிழிந்து, ஈரம் சற்றே தங்கும்படி நெகிழிப் பையில் கட்டி, தேதி எழுதிச் சில மாதங்கள் வைத்திருக்க வேண்டும். (தேதி எழுதாத பையால் பயனில்லை.) முட்டைக்குள் கண்கள் தெளிவாகத் தெரிந்தபின் குளிர்ந்த நீரை ஊற்றினால், சில மணி நேரத்தில் குஞ்சுகள் நீந்தத் தொடங்கும், அவற்றுக்கு அப்போதே பொரித்த ஆர்டீமியா என்னும் நுண்ணிய உப்புநீர் இறால் குஞ்சுகளை உணவாகத் தரலாம்.