சரீர உத்தானத்தை விசுவசிக்கிறேன்

அம்மாவின் குழிக்குள் ஒரு பிடி மண்ணைப் போட்டுவிட்டு வந்த அதே ஆண்டில் உரோமைத் திருயாத்திரைக்குப் பெயர் கொடுத்தேன். சிஸ்டைன் சிற்றாலயத்தில் உலக முடிவில் எல்லாரும் தீர்ப்புப் பெறும் பொதுத் தீர்வையை மைக்கேலாஞ்சலோ தீட்டிய ஓவியத்தைக் கூட்டத்தோடு நகர்ந்தபடியே அண்ணாந்து பார்த்தேன். ஆனால் மனம் தங்கியது வேறிடத்தில். உரோமையிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதல். பிறகு குன்றின்மேல் ஏற இழுவை ரயில். அதுதான் ஓர்வியெத்தோ.

1290இல் கட்டத் தொடங்கிய பேராலயம். கறுப்பும் வெள்ளையுமாகக் கல் வரிசைகள் மாறி மாறி ஏறுகின்றன. இடப்புறச் சிற்றாலயத்தில், 1263இல் பொல்சேனாவில் திருப்பலியின்போது அப்பத்திலிருந்து கசிந்த இரத்தம் படிந்ததாக வணங்கப்படும் திருமேனித் துகில் இருக்கிறது. மறு ஆண்டே திருத்தந்தை நான்காம் உர்பான் கிறிஸ்துவின் திருவுடல் பெருவிழாவைத் திருச்சபை முழுவதற்கும் ஏற்படுத்தினார். அங்கே முழந்தாளிட்டு எழுந்து, எதிர்ப்புறத்தில் இருக்கும் சான் பிரித்சியோ சிற்றாலயத்துக்குள் நுழைந்தேன்.

பீடத்துக்கு மேலே, விதானத்தில் நடுவராக வீற்றிருக்கும் கிறிஸ்துவை 1447இல் தீட்டியவர் சாமிநாதர் சபைத் துறவி ஃப்ரா ஆஞ்செலிக்கோ. இன்று அவர் அருளாளர். அந்த ஒரு கோடைக்குப் பிறகு அவர் திரும்பி வரவில்லை. 1499இல்தான் கொர்த்தோனா ஊர்க்காரரான லூக்கா சிஞ்ஞொரெல்லியிடம் வேலை ஒப்படைக்கப்பட்டது. நடுவர் வந்து அமர்ந்துவிட்டார். தீர்வைக்கு நிற்க வேண்டிய மனிதர்கள் சுவரில் வந்து சேர அரை நூற்றாண்டு ஆகியிருக்கிறது.

என்னை முதலில் நடுங்க வைத்தது இடப்புறச் சுவரில் போதிக்கும் எதிர்க்கிறிஸ்து, கடைசிக் காலத்தில் கிறிஸ்துவைப் போலவே வந்து ஏமாற்றுகிறவன். தூரத்திலிருந்து பார்த்து ஆண்டவர் என்றே நினைத்துக் கைகூப்பப் போனேன். அதே தாடி, அதே நீண்ட கூந்தல். நெருங்கிய பிறகுதான் பின்னால் நின்று காதில் ஓதும் சாத்தானைக் கண்டேன். அவன் கை அந்த ஆளின் அங்கிக்குள்ளேயே நுழைந்திருக்கிறது. எந்தக் கை யாருடையது என்று சொல்ல முடியவில்லை. கொம்பும் வாலுமாக வருகிறவனை அடையாளம் கண்டுகொள்வேன். இப்படி வருகிறவனைக் கண்டுகொள்ளும் கண்ணைத் தாரும் என்று அங்கேயே மன்றாடினேன். ஓவியத்தின் இடது மூலையில், கறுப்பு உடையில் சிஞ்ஞொரெல்லியே நின்று நம்மைப் பார்க்கிறார்.

நரகத் தீர்ப்புப் பெற்றவர்களின் சுவரை நான் அதிகம் பார்க்கவில்லை. அழுகிய தசையின் பச்சையிலும் ஊதாவிலும் பேய்கள். கவசம் அணிந்த அதிதூதர்கள் மேலே நிற்கிறார்கள். போதும்.

அதே பக்கத்தில்தான் உயிர்ப்பின் சுவரும். வானத்தில் இரண்டு பெரிய சம்மனசுகள் எக்காளம் ஊதுகிறார்கள். கீழே வெளிறிய வெறுந்தரை. அதைப் பிளந்துகொண்டு மனிதர்கள் வருகிறார்கள். எலும்புக்கூடாகவே நிற்கிறவர்கள் உண்டு. உள்ளங்கைகளைத் தரையில் ஊன்றி, பாதி உடலை இன்னும் மண்ணுக்குள் வைத்துக்கொண்டு உந்தி எழுகிறவர்கள் உண்டு. வந்து சேர்ந்தவர்கள் ஒருவரை ஒருவர் அணைத்துக்கொள்கிறார்கள்.

"சரீர உத்தானத்தை விசுவசிக்கிறேன்", அதாவது இறந்த உடல் உயிர்த்தெழும் என்று நம்புகிறேன் என்று பாட்டி சொல்லிக்கொடுத்த பழைய விசுவாசப் பிரமாணத்தை எத்தனை ஆயிரம் முறை சொல்லியிருப்பேன்! ஆன்மா பிழைத்தால் போதாதா, சரீரம் எதற்கு என்று ஒருநாளும் கேட்டதில்லை. அதற்கான பதிலை இந்தச் சுவரில் கண்டேன். தம் மகன் கொர்த்தோனாவில் கொல்லப்பட்டபோது சிஞ்ஞொரெல்லி கண்ணீர் விடாமல் அந்த உடலின் ஆடையைக் களையச் செய்து, அதை அப்படியே வரைந்து வைத்துக்கொண்டார் என்று, ஓவியர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதிய வசாரி எழுதுகிறார். தகப்பனுக்கு வேண்டியிருந்தது மகனின் ஆன்மா மட்டுமல்ல. அந்தத் தோள், அந்த விலா, அந்த முகம்.

கடைசி ஆண்டுகளில் அம்மாவுக்கு முழங்கால் வலி. கோயிலில் முழந்தாளிட்டு எழும்போதெல்லாம் என் கையைப் பிடித்துக்கொள்வார். சுவரில் ஒருவர், மண்ணிலிருந்து ஏறும் இன்னொருவருக்குக் கைகொடுத்துத் தூக்குகிறார். வாயில்காப்பாளர் வந்து நேரமாகிவிட்டது என்று சொல்லும்வரை அந்த இருவருக்கு எதிரேதான் நின்றுகொண்டிருந்தேன்.