சங்கும் சோழியும் ஒரே பையில்

சாதாரண தரப் பரீட்சையின் கணித வினாத்தாளில், நிகழ்தகவுக் கணக்கில் 'பருமனிலும் வடிவத்திலும் ஒத்த பந்துகள்' என்று வரும் வரியைப் பிள்ளைகள் வாசிக்காமலே தாண்டிப் போகிறார்கள். எனக்கு அதுதான் கவலை, கணக்கின் உயிரே அந்த வரியில் இருக்கிறது.

என்னிடம் கணிதம் கேட்டு வரும் பிள்ளைகளுக்கு நிலாவெளிக் கடற்கரையில் பொறுக்கியதையே ஒரு சீலைப் பையில் போட்டுக் கொடுப்பேன்: 6 சோழி, 3 மட்டி ஓடு, 1 சங்கு. பார்க்காமல் ஒன்றை எடுத்தால் சங்கு வரும் நிகழ்தகவு என்ன? எல்லோரும் ஒரே குரலில் 1/10 என்பார்கள். சரி, எடுங்கள் பார்ப்போம் என்று பையை நீட்டினால், கை உள்ளே போனதுமே முட்டுவது சங்குதான். பெரியது, பாரமானது, நுனி கூர், வேண்டுமென்றால் பிடிக்கலாம், வேண்டாமென்றால் ஒதுக்கலாம். 1/10 அங்கேயே செத்துப்போகிறது.

சாதகமான பேறுகளை, அதாவது நாம் கேட்கும் விளைவுகளை, மொத்தப் பேறுகளால் பிரிப்பது, ஒவ்வொன்றும் கையில் அகப்படச் சமவாய்ப்பு இருந்தால்தான் செல்லும். அதே பத்துப் பெயரையும் ஒரே அளவுத் துண்டுகளில் எழுதி, ஒரே மாதிரி மடித்துக் குலுக்கிப் போடுங்கள். இப்போது சங்கு 1/10, சோழி 6/10, அதாவது 3/5.

பெரிய தலைகளே இதில் வழுக்கியிருக்கின்றன. நாணயத்தை இரண்டு தரம் சுண்டினால் ஒரு தரமாவது தலை விழும் நிகழ்தகவு 2/3 என்று பிரெஞ்சுக் கணித அறிஞர் தலம்பேர் 1754 இல் கலைக்களஞ்சியத்திலேயே எழுதினார். முதலிலேயே தலை, பூவுக்குப் பிறகு தலை, இரண்டும் பூ என்று மூன்றாக எண்ணி, மூன்றுக்கும் ஒரே வாய்ப்புக் கொடுத்துவிட்டார். முதலிலேயே தலை விழ அரைவாசி வாய்ப்பு, மற்ற இரண்டுக்கும் தலா கால்வாசிதான். விடை 3/4.

அப்புறம் இரண்டாவது துண்டு. எடுத்ததைத் திரும்பப் போட்டால் இரண்டும் மட்டியாக வருவது 3/10 × 3/10, 9/100. போடாவிட்டால் உள்ளே 9 துண்டுதான், அதில் மட்டி 2, ஆகவே 3/10 × 2/9, சுருக்கினால் 1/15. ஒவ்வொரு எடுப்பையும் கிளை கிளையாகக் காட்டும் மரவரிப்படம் கீறும்போது இரண்டாவது கிளையிலும் 10 என்றே எழுதி எத்தனை பிள்ளைகள் புள்ளியை விடுகிறார்கள்!

'ஒரு சோழியாவது' என்று கேட்டால் எல்லாக் கிளையையும் கூட்டி மினக்கெட வேண்டாம். திரும்பப் போடாமல் எடுக்கும்போது இரண்டிலும் சோழி வராதது 4/10 × 3/9, அதாவது 2/15. அதை ஒன்றிலிருந்து கழித்தால் 13/15.